கண்ணீருக்குக் கெடு மூன்றாண்டு!

அரியானா மாநிலத்தில் காவலர் ஒருவர், 1997 நவம்பரில், கடமையில் இருக்கும்போதே மாண்டார். வீட்டிலே எழுதப்படிக்கத் தெரியாத மனைவி. மகனுக்கு வயது ஏழு. அந்தத் தாய் வாளாவிருந்துவிடவில்லை. மகன் வளர்ந்ததும் அவனுக்கு ஒரு வேலை தரப்படவேண்டும் என்று அப்போதே கேட்டுவைத்தார். பையன் வளர்ந்தான். 2008-ல் வயது பதினெட்டு நிரம்பிற்று. வேலை கேட்டுப் போய் நின்றான். கிடைத்த விடை யாது தெரியுமோ? ஊழியர் இறந்த மூன்றாண்டுக்குள் வாரிசு வயதுக்கு வந்திருக்கவேண்டும் என்பது விதி, நீ வரவில்லை, ஆகவே வேலை இல்லை! வழக்கு படிப்படியாக ஏறி, 2024 நவம்பரில் உச்சநீதிமன்றமும் அந்த விதியையே உறுதி செய்தது. வேண்டுமானால் தாய் தொகையுதவி கோரி மனுச் செய்துகொள்ளலாம் என்று ஒரு வழியை மட்டும் திறந்துவிட்டது.

ஏழு வயதுச் சிறுவன் மூன்றே ஆண்டில் பதினெட்டு வயது வாலிபனாகிவிட வேண்டுமாம்! மூன்று வயதிலே ஞானப்பாலுண்டு பதிகம் பாடிய கதையை நமக்குச் சொன்ன புராணிகர்கள்கூட, மூன்றாண்டிலே பதினோரு வயது வளர்ந்த குழந்தையின் கதையைச் சொன்னதில்லை. அதைச் சொல்லும் துணிவு சர்க்கார் விதிக்குத்தான் இருக்கிறது.

நீதிபதிகளை நாம் நிந்திக்கவில்லை. அவர்கள் கையிலே கொடுக்கப்பட்ட விதி அது. விதியை எழுதியவர்கள், எழுதியதைத் திருத்தாதவர்கள் — அவர்களைப் பற்றித்தான் நமது பேச்சு. எங்கோ அரியானாவில் நடந்ததற்கு இங்கே ஏன் தலையங்கம் என்று எண்ணும் தோழர்களுக்கு ஒன்று சொல்வோம். விண்ணப்பிக்க மூன்றாண்டு என்னும் கெடு இங்கேயும் உண்டு. 1995-ஆம் ஆண்டு அரசாணையிலே இருந்தது. 2023-ல் வகுக்கப்பட்ட விதிகளிலும் தொடர்ந்தது.

இந்தத் திட்டம் தமிழகத்தில் எப்படி வந்தது என்பதை இளைய தோழர்கள் அறிந்திருக்கவேண்டும். 1972 பிப்ரவரி 15-ஆம் நாள், தொழிலாளர் துறையின் 225-ஆம் எண் அரசாணை. முதலமைச்சர் பொறுப்பிலே கலைஞர். பணியிலிருக்கும்போதே அரசு ஊழியர் இறந்து, குடும்பம் வறிய நிலையில் தவிக்குமானால், அந்தக் குடும்பத்தில் ஒருவரை, வேலைவாய்ப்பு அலுவலகத்தின் நெடிய வரிசையிலே நிறுத்தாமல், வேலைக்கு எடுத்துக்கொள்ளலாம் என்றது அந்த ஆணை. இன்று ஊர்தோறும் 'வாரிசு வேலை' என்று பேசப்படுவது இதுதான்.

கோட்டையிலே இருப்பவர்களுக்குக் கடைநிலை ஊழியன் வீட்டுக் கணக்குத் தெரிந்திருந்த காலம் அது. முதல் தேதி சம்பளம் வரும். கூட்டுறவுச் சங்கக் கடனுக்குப் பிடித்தம் போக, மளிகைக் கடைப் பற்று, வீட்டு வாடகை, பிள்ளைகளின் படிப்பு, ஊரிலே இருக்கும் கிழத்தாய்க்கு ஒரு மணியார்டர் என்று பத்தாம் தேதிக்குள் கரையும். இருபதாம் தேதிக்குமேல் கைமாற்று. இந்த வீட்டிலே சம்பளம் வாங்கியவன் சாய்ந்துவிட்டால், பதினாறாம் நாள் சடங்குக்கு வந்தவர்கள் கலைந்த மறுநாளே மளிகைக் கடைக்காரர் கணக்கு நோட்டோடு வந்து நிற்பார். அவர்மீது குற்றமில்லை, அவருக்கும் பிள்ளைகள் உண்டு. அந்த நாளிலே, "அம்மா, உன் வீட்டில் ஒருவருக்குச் சம்பளம் தொடரும்" என்று ஓர் அரசு சொல்லுமானால், அதற்குப் பெயர்தான் அரசு.

இங்கே ஒரு கேள்வி எழும். எதிர் மேடையிலிருந்து மட்டுமல்ல, நம் படிப்பகங்களிலே உட்கார்ந்து விவாதிக்கும் தோழர்களிடமிருந்தும் எழும். "1953-ல் இராஜாஜி குலக்கல்வித் திட்டம் கொண்டுவந்தபோது, அப்பன் தொழிலை மகன் செய்வதா என்று நாட்டைக் கிளப்பிய இயக்கமல்லவா நாம்? இன்று அப்பன் வேலையை மகனுக்குக் கொடு என்று நாமே கேட்கலாமா? வேலைவாய்ப்பு அலுவலகத்தில் பதிந்துவிட்டு ஆண்டுக்கணக்கில் காத்துக்கிடக்கும் ஏழை வீட்டுப் பிள்ளை — அவன் அப்பன் அரசு ஊழியனாகப் பிறக்கவுமில்லை, இறக்கவுமில்லை — அவன் கதி என்ன?"

நல்ல கேள்வி. மழுப்பாமல் விடை சொல்லவேண்டிய கேள்வி.

நாம் கேட்பது அப்பனின் தொழிலை அல்ல. அப்பன் கொண்டுவந்த அரிசியை! குலக்கல்வி, உயிரோடிருக்கும் அப்பனின் உளியைப் பிள்ளையின் கையிலே திணித்து, இதற்குமேல் நீ படிக்காதே என்றது. வாரிசு வேலை, செத்துப்போன அப்பனின் பிள்ளை படிப்பை விட்டுவிட்டுத் தேநீர்க் கடையிலே கோப்பை கழுவப் போகாமல் தடுப்பது. இரண்டையும் ஒன்றென்று சொல்பவர்கள், நோயையும் மருந்தையும் ஒரே தட்டில் வைத்து நிறுக்கிறார்கள்.

உயிரோடிருப்பவர் ஓய்வு பெற்றுக்கொண்டு தம் நாற்காலியை மகனுக்கு எழுதிவைப்பது வேறு. இரயில்வேயில் பாதுகாப்புப் பணியாளர் சிலருக்கு அப்படியொரு திட்டம் இருந்தது; 2018-ல் கைவிடப்பட்டது. அதற்காக நாம் வாதாட வரவில்லை. பதவியைப் பட்டா நிலம்போல் எழுதிவைப்பது ஜமீன்தாரி முறை. அது எந்த உடையில் வந்தாலும் நமக்கு ஆகாது. நாம் பேசுவது மரணத்தைப் பற்றி. திடுமென வந்து, அடுப்பை அணைத்துவிட்டுப் போகும் மரணத்தைப் பற்றி.

ஆனால் தோழர்களே, குலக்கல்வி கொல்லைப்புற வழியாக நுழையக்கூடிய இடம் ஒன்று இந்தத் திட்டத்திலே உண்டு. தூய்மைப் பணியாளர் ஒருவர் இறக்கிறார். மகள் பட்டம் படித்தவள். "உன் தகப்பன் பார்த்த வேலைதான் காலியாக இருக்கிறது, இந்தா துடைப்பம்" என்று ஓர் அதிகாரி நீட்டுவாரானால், அந்தத் துடைப்பத்தின் பெயர் கருணையல்ல, வருணாசிரமம்! படிப்புக்கேற்ற பணி என்பதை இத்திட்டத்தின் உயிர்நாடியாகக் கருதவேண்டும். தகப்பனின் பதவியைப் பார்க்காதே, பிள்ளையின் சான்றிதழைப் பார் என்று எழுதிவைக்கவேண்டும்.

வரிசையிலே காத்திருக்கும் இளைஞனுக்கும் சொல்கிறோம். உனக்கு எதிரி, இறந்துபோனவரின் மகளல்ல. நிரப்பப்படாமல் தூசி படிந்து கிடக்கும் நாற்காலிதான் உனக்கும் எதிரி, அவளுக்கும் எதிரி. 2001 நவம்பரில் அன்றைய ஆட்சி ஆள் எடுப்புக்கே தடை போட்டது. 2006 பிப்ரவரி வரை அந்தத் தடை நீடித்தது. அந்த ஆண்டுகளிலே உனக்கும் வேலையில்லை, அவளுக்கும் வேலையில்லை. அவளைத் தள்ளியதால் உனக்கு ஓர் இடம் கிடைத்ததா? இல்லையே!

சரி, நீதிமன்றங்கள் என்ன சொல்லியிருக்கின்றன?

1989-ல், எல்லைச் சாலை அமைப்பில் பணியாற்றி இறந்தவரின் மனைவி தொடுத்த வழக்கிலே, உச்சநீதிமன்றம் உள்ளம் குளிரச் சொல்லிற்று: இத்தகைய நியமனங்களில் தாமதம் கூடாது, தகுந்த இடம் காலியாக இல்லையென்றால் கூடுதலாக ஓர் இடத்தை உண்டாக்கியேனும் கொடுக்கவேண்டும். ஐந்தாண்டு கழித்து, 1994-ல், வேறொரு வழக்கிலே அதே மன்றம் சுருதியை மாற்றிற்று. இது உரிமை அல்ல. திடீர்த் துயரிலிருந்து குடும்பத்தைக் கரையேற்றும் ஏற்பாடு. கடைசி இரு பிரிவுப் பணிகளே தரலாம். நெடுங்காலம் கழிந்தபின் கேட்க இயலாது என்றது. அந்த 1994 தீர்ப்பைத்தான் அதன்பின் அரசு வழக்கறிஞர்கள் எல்லாரும் கேடயமாகத் தூக்கிக்கொண்டு வருகிறார்கள்.

உடனடித் துயர் தீர்க்கத்தான் இந்த வேலை என்பதை நாமும் மறுக்கவில்லை. ஆனால் துயர் உடனடி என்றால் தீர்வும் உடனடியாக இருக்கவேண்டாமா? இறந்தவர் வீட்டுக்கு மட்டும் கெடு. கோப்பை வைத்துக்கொண்டிருக்கும் அலுவலகத்துக்குக் கெடு கிடையாதா?

நடப்பதைக் கேளுங்கள். மேற்கு வங்கத்தில் ஒரு நகராட்சி. ஊழியர்கள் இறந்தார்கள், வாரிசுகள் 2005, 2006 வாக்கில் விண்ணப்பித்தார்கள். கோப்பு உறங்கிற்று. வழக்கு நடந்தது. 2023 மார்ச்சில் உச்சநீதிமன்றத்திலே முடிவு: காலம் நெடிது கடந்துவிட்டது, உடனடித் துயர் என்ற அடிப்படையே இப்போது இல்லை, எனவே நியமனம் இல்லை. இன்னொன்று: வங்கி ஊழியர் ஒருவர் 2001-ல் இறந்தார். மகன் உடனே விண்ணப்பித்தார். வங்கி மறுத்தது. உயர்நீதிமன்றத்தில் வென்றார். 2025 பிப்ரவரியில், 23 ஆண்டு கழித்து, உச்சநீதிமன்றம் வேலை இல்லை என்று கூறி, இரண்டரை இலட்ச ரூபாய் கொடுக்கச் சொல்லி வழக்கை முடித்தது.

இதன் தர்க்கத்தைச் சற்றே உரைத்துப் பார்ப்போம். நீ விண்ணப்பித்தாய், நான் தாமதித்தேன். என் தாமதத்தின்போது நீ செத்துப்போகவில்லை. செத்துப்போகாததால் உனக்குத் துயர் இல்லை என்று தெரிகிறது. துயர் இல்லாதவனுக்குக் கருணை எதற்கு? — எத்துணை அழகான வாதம்! கிணற்றில் விழுந்தவன் கயிறு கேட்டான். கயிறு கொண்டுவரக் காலையிலிருந்து மாலைவரை ஆயிற்று. வந்து எட்டிப் பார்த்து, "இன்னும் மூச்சு இருக்கிறதே, இவனுக்குக் கயிறு தேவையில்லை" என்று சுருட்டிக்கொண்டு போவதற்கும் இதற்கும் என்ன வேறுபாடு?

எப்படிப் பிழைத்தார்கள் என்று யாரேனும் கேட்டார்களா? காதிலே கிடந்ததைக் கழற்றி அடகுக் கடையில் வைத்துப் பிழைத்தார்கள். பத்தாம் வகுப்போடு பெண்ணை நிறுத்திப் பனியன் கம்பெனிக்கு அனுப்பிப் பிழைத்தார்கள். கந்துவட்டிக்காரனின் வாய்ச்சொல்லைக் கேட்டுக்கொண்டு பிழைத்தார்கள். அந்தப் பிழைப்பையே சாட்சியாக்கி, "நீ பிழைத்துவிட்டாய்" என்று அவர்களுக்கெதிராக நிறுத்துகிறார்கள்.

இனி, அந்தக் கோப்பு எங்கே படுத்துறங்குகிறது என்பதையும் பார்ப்போம். இறப்புச் சான்றிதழ் வேண்டும். தாசில்தாரிடமிருந்து வாரிசுச் சான்றிதழ் வேண்டும். அதற்குக் கிராம நிர்வாக அலுவலர் விசாரிக்கவேண்டும், வருவாய் ஆய்வாளர் பரிந்துரைக்கவேண்டும். குடும்பம் வறிய நிலையில் இருக்கிறது என்று சான்று வேண்டும். மற்ற வாரிசுகள் தமக்கு மறுப்பில்லை என்று எழுதிக் கொடுக்கவேண்டும். அண்ணன் வெளியூரில் கோபித்துக்கொண்டு இருந்தால், அவனைத் தேடிப் பிடித்துக் காலில் விழுந்து கையெழுத்து வாங்கவேண்டும். கல்விச் சான்றுகளின் உண்மைத்தன்மை பார்க்கப்படவேண்டும். எல்லாம் சேர்ந்து மேலே போனால், ஒரு சிறு குறிப்போடு திரும்பி வரும்: "மூன்றாம் பக்கத்தில் முன்னெழுத்து மாறுபடுகிறது, தெளிவுபடுத்துக." பள்ளிச் சான்றிதழில் ஓர் எழுத்து, குடும்ப அட்டையில் ஓர் எழுத்து! அந்த ஓர் எழுத்தைத் திருத்தப் போய் ஆறு மாதம் கழியும். இதற்கிடையே அலுவலர் மாறுதலாகிப் போவார். புதியவர் வந்து முதல் பக்கத்திலிருந்து படிப்பார்.

இந்தச் சான்றுகளின் அடுக்கிலே ஒன்று நம் நெஞ்சைக் குத்துகிறது. கணவனை இழந்த பெண், தாம் மறுமணம் செய்துகொள்ளவில்லை என்று சான்று தரவேண்டுமாம். கைம்பெண் மறுமணத்துக்காகக் கல்லடி பட்ட இயக்கம் நமது இயக்கம். மறுமணம் செய்துகொள்வோருக்கு நிதியுதவி தர, டாக்டர் தருமாம்பாள் அம்மையார் பெயரிலே திட்டம் கண்டது தமிழகம். ஒரு கை மறுமணத்துக்கு மாலை தொடுக்க, மறு கை மறுமணம் செய்யாததற்குச் சான்று கேட்டால், அந்தப் பெண் எந்தக் கையை நம்புவாள்? முதல் கணவனின் பிள்ளைகளைக் காப்பாற்றும் பொறுப்பை அவள் ஏற்கிறாளா என்று கேளுங்கள், கேட்கவேண்டியது அதுதான். நெற்றியையும் கழுத்தையும் பார்க்கும் வேலை நமக்கு வேண்டாம்.

மகள்களின் செய்தியும் இதைச் சேர்ந்ததே. மணமான மகள் வேறு வீட்டுப் பிள்ளையாகிவிட்டாள் என்று பல மாநிலங்களிலே விரட்டினார்கள். மணமான மகன் மட்டும் எந்த வீட்டுப் பிள்ளையோ! 2020-ல் கர்நாடக உயர்நீதிமன்றம் இந்தப் பாகுபாடு செல்லாது என்றது. 2021-ல் உச்சநீதிமன்றம் அக்கருத்தை ஏற்றது. 1929-ல் செங்கற்பட்டு சுயமரியாதை மாநாட்டிலே பெண்ணுக்குச் சொத்தில் சம உரிமை கேட்டுத் தீர்மானம் போட்டவர்களின் பேரப்பிள்ளைகள் நாம். தொண்ணூறு ஆண்டு கழித்து நீதிமன்றங்கள் வந்து சேர்ந்ததில் மகிழ்ச்சிதான்.

மத்திய சர்க்காரின் கருணையோ அளந்து ஊற்றப்படும் கருணை. கடைநிலைப் பிரிவில் நேரடி நியமனத்துக்கு நூறு இடம் காலியானால் அதில் ஐந்துதான் இதற்கு. ஆண்டுக்கு ஐந்து பேருக்குமேல் சாகக்கூடாது என்று எமனுக்கு ஓலை அனுப்பியிருக்கிறார்களா என்று தெரியவில்லை! ஆறாவது வீட்டார் என்ன செய்வது? அஞ்சல் துறையிலே மதிப்பெண் போடும் முறை வந்தது: எத்தனை சிறு பிள்ளைகள், எத்தனை மணமாகாத பெண்கள், எவ்வளவு சொத்து என்று கணக்கிட்டு, நூற்றுக்கு இத்தனை என்று துயரத்துக்கு மார்க் போடுவது. பரீட்சையில் தேறாத துயரத்தோடு திரும்பி வந்தவர்கள் எத்தனை பேரோ!

இத்தனையும் பேசிவிட்டோம். ஆனால் இவையெல்லாம் நிரந்தர ஊழியர் வீட்டுத் துன்பம். அவர்களுக்குக் கதவு இருக்கிறது, சாத்தியிருக்கிறது, தட்டுகிறார்கள். கதவே இல்லாத வீட்டார் கதை ஒன்று இருக்கிறது.

ஒப்பந்தத் தொழிலாளி! அதே தெருவைப் பெருக்குகிறான், அதே மின்கம்பத்தில் ஏறுகிறான், அதே மருத்துவமனையில் அதே படுக்கையைத் துடைக்கிறான். இறந்தால் மட்டும் அவன் அரசுக்கு யாரோ! "எங்கள் பதிவேட்டில் அப்படி ஒருவர் இல்லை, ஒப்பந்தக்காரரைக் கேளுங்கள்" என்பார்கள். ஒப்பந்தக்காரரோ அடுத்த ஊரில் அடுத்த ஒப்பந்தத்துக்குப் போயிருப்பார். வாரிசு வேலைக்கு வாரிசாக வேண்டுமானால், முதலிலே தகப்பன் ஊழியனாக இருந்திருக்கவேண்டும். அவனைத்தான் ஊழியன் என்று ஒப்புக்கொள்ளவே இல்லையே! இருபது ஆண்டு குப்பை அள்ளியவன் செத்தபிறகு, அவன் அள்ளிய குப்பைக்கு இருந்த கணக்கு அவனுக்கு இல்லை.

கழிவுநீர்க் குழியிலே இறங்கி மூச்சடைத்து மாண்டவர்களின் குடும்பத்துக்கு 10 இலட்ச ரூபாய் தரவேண்டும் என்று 2014-ல் உச்சநீதிமன்றம் சொன்னது. 2023 அக்டோபரில் அதை 30 இலட்சமாக்கியது; அத்தோடு நில்லாமல், வாரிசுக்கு வேலை, பிள்ளைகளுக்குக் கல்வி உள்ளிட்ட மறுவாழ்வும் தரவேண்டும் என்றது. நிரந்தர ஊழியன், ஒப்பந்தக்காரன் என்று அங்கே பிரித்துப் பார்க்கவில்லை என்பதைக் கவனிக்கவேண்டும். குழியிலே மாண்டவனுக்குப் பொருந்தும் நீதி, கம்பத்திலிருந்து விழுந்து மாண்டவனுக்கு ஏன் பொருந்தாது? எவருடைய வேலையைச் செய்யும்போது இறந்தானோ அவரே பொறுப்பு என்று ஒரு வரி எழுதினால் போதும். அந்த ஒரு வரியை எழுதவைப்பதுதான் நமது அடுத்த போராட்டம். நிரந்தர ஊழியர் சங்கங்களுக்கும் தோழமையோடு சொல்கிறோம்: உங்கள் கோரிக்கைப் பட்டியலில் ஒப்பந்தத் தோழனின் வீடு எத்தனையாவது இடத்தில் இருக்கிறது என்று ஒருமுறை திருப்பிப் பாருங்கள்.

கோட்டையில் யார் அமர்ந்திருந்தாலும் நாம் கேட்பது இதுதான். சிறு பிள்ளைகளுக்கு மூன்றாண்டுக் கெடு, அவர்கள் பதினெட்டைத் தொட்ட நாளிலிருந்து தொடங்கட்டும். விண்ணப்பத்துக்குக் கெடு வைத்ததுபோல் விடைக்கும் கெடு வையுங்கள். ஆறு மாதத்தில் ஆணை வராவிட்டால், ஆணை வரும்வரை மாதாமாதம் ஒரு தொகை அந்த வீட்டுக்குப் போகட்டும். அப்போது பாருங்கள், கோப்பு எவ்வளவு வேகமாக நடக்கிறதென்று! அரசு தாமதித்த காலத்தைக் குடும்பத்தின் குற்றமாக எந்த மன்றத்திலும் வாதிடமாட்டோம் என்று தன் வழக்கறிஞர்களுக்கு அரசு எழுத்திலே கட்டளையிடட்டும். இவற்றிலே எதற்கும் கஜானா காலியாகிவிடாது.

கிளைக்கழகத் தோழர்களுக்கு ஒரு வேலை. உங்கள் வட்டத்திலே அரசு ஊழியரோ, ஆசிரியரோ, நகராட்சிப் பணியாளரோ பணியிலிருக்கும்போது இறந்தால், மலர்வளையத்தோடு திரும்பிவிடாதீர்கள். பதினாறாம் நாள் கழிந்ததும் படித்த தோழர் ஒருவர் அந்த வீட்டுக்குப் போகவேண்டும். எந்தெந்தச் சான்று வேண்டுமென்று எழுதிக் கொடுங்கள். தாலுக்கா அலுவலகத்துக்கு அந்த அம்மையாரோடு நீங்களும் நடங்கள். பெயரும் முன்னெழுத்தும் எல்லாத் தாள்களிலும் ஒன்றாக இருக்கின்றனவா என்று முதலிலேயே பாருங்கள். ஒப்பந்தத் தொழிலாளி இறந்தால், வருகைப் பதிவு, சம்பளச் சீட்டு, அடையாள அட்டை, எது கிடைத்தாலும் அன்றே நகல் எடுத்து வையுங்கள். மறுநாள் அவை காணாமற்போகும். விண்ணப்பத்தை வாயால் சொல்லிவிட்டு வரவேண்டாம், எவரிடமும் நம்பிக் கொடுத்துவிட்டும் வரவேண்டாம். அலுவலகத்திலே நேரில் கொடுத்து, நகலிலே முத்திரையும் தேதியும் போட்டுக் கையெழுத்து வாங்கிக்கொண்டு, அந்த நகலை அந்த வீட்டுப் பெட்டியிலே பத்திரமாக வைத்துவிட்டு வாருங்கள்.